இடது பக்கத்தில் ஒரு வண்டி

வகுப்பு நடந்த மாடி அறையின் ஜன்னல்களில் கறுப்புத் தாள் ஒட்டியிருந்தார்கள். படம் தெளிவாகத் தெரிவதற்காக என்றார்கள். கே.கே. நகரில் நான் கார் ஓட்டக் கற்றுக்கொண்ட பயிற்சிப் பள்ளியின் மாடி அது. எல்.எல்.ஆர். எடுத்தவர்கள் லைசென்ஸ் தேர்வுக்குப் போகும் முன் ஒரு சனிக்கிழமை அங்கே பாதுகாப்பு வகுப்பில் உட்கார்ந்தாக வேண்டும். அதில் மட்டும் அந்தப் பள்ளி கண்டிப்பாக இருந்தது.

"கையெழுத்துப் போட்டுட்டுக் கெளம்பிரலாம்னுதாம்மா சொன்னாங்க," என்றார் பக்கத்து நாற்காலியில் இருந்த அக்கா. சத்திரம் பேருந்து நிலையத்துக்கு அருகே பாத்திரக்கடை வைத்திருப்பவர். "இப்ப பாரு, கதவையும் சாத்துறாங்க. பேய்ப்படம் போடப்போறாங்க போல."

வகுப்பு எடுத்தவர் ஓய்வுபெற்ற வாகன ஆய்வாளர். குரலை உயர்த்தாமல் பேசினார். "அடிபட்டவங்க படத்தை நான் காட்டறதில்ல. அதப் பார்த்தா பயம் வரும், புத்தி வராது. அடிபடறதுக்கு முன்னாடி வரைக்கும்தான் காட்டுவேன்."

அப்படியே செய்தார். தெருமுனைக் கேமராக்களில் பதிவான காட்சிகள். ஒரு கார் இடது பக்கம் திரும்புகிறது, அதன் பக்கவாட்டில் ஒரு ஸ்கூட்டர் வருகிறது. அங்கே நிறுத்திவிடுவார். ஸ்கூட்டரின் முன்னால் காய்கறிப் பை தொங்குவது தெரியும்.

"கார்க்காரர் பார்த்தாரா?"

"இல்ல சார்."

"குடிச்சிருந்தாரா? போன்ல பேசுனாரா?"

அவரே தலையசைத்து மறுத்தார்.

"ரெண்டும் இல்ல. நல்ல மனுஷன். இருபது வருஷமா ஓட்டறவர். பார்க்கல, அவ்வளவுதான். தான் பார்க்கலங்கறதே அவருக்குத் தெரியாது."

அந்த இடத்தில் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன்.

நான் வண்டி கற்றுக்கொள்ள மூன்று காரணங்கள் இருந்தன. ஒன்று, என் வேலை அரியமங்கலத்தில், எங்கள் வீடு ஸ்ரீரங்கத்தில். தினமும் அப்பாதான் காரில் கொண்டுபோய் விட்டுக் கூட்டி வந்தார். இரண்டு, என் சொந்த அக்காவின் பிரசவத்துக்காக அம்மா பெங்களூருக்குப் போகவிருந்தாள். திரும்ப மாதங்கள் ஆகும், வெளி வேலைகள் என் தலையில் விழும். மூன்றாவதை யாரிடமும் சொன்னதில்லை. அதற்கு என்னிடம் பெயர் இல்லை. எங்கள் காரின் இடது பக்கக் கண்ணாடி உடைந்து டேப் ஒட்டியிருந்தது. இடது கதவில் நீளமாக ஒரு கீறல். வீட்டு கேட்டின் இடது தூணில் காரின் வெள்ளைப் பெயின்ட் படிந்திருந்தது. பாய்லர் பாகங்கள் செய்யும் பட்டறையில் வெல்டிங்கைச் சோதிப்பது என் வேலை. வெளியே வழவழப்பாக இருக்கும் இணைப்புக்குள் விரிசல் இருக்கிறதா என்று கருவி வைத்துத் தேடுவேன். கீறல்கள் எல்லாம் ஒரே பக்கம் விழுந்தால் அது தற்செயல் இல்லை என்று எனக்குத் தெரியும். ஆனாலும் அப்பா விஷயத்தில் அதைத் தற்செயல் என்றே வைத்திருந்தேன்.

ஆய்வாளர் எங்களை ஜோடியாக எதிரெதிரே உட்காரச் சொன்னார். ஒருவர் மற்றவரின் மூக்கைப் பார்க்க வேண்டும், கண்ணை நகர்த்தக் கூடாது. எதிரே இருப்பவர் தன் காது உயரத்தில் கையைப் பக்கவாட்டில் நீட்டி, விரலை ஆட்டியபடியே மெல்ல நடுவே கொண்டுவர வேண்டும். விரல் ஆடுவது தெரிந்ததும் சொல்ல வேண்டும்.

பாத்திரக்கடை அக்கா என் விரலை உடனே பிடித்துவிட்டார். "கடையில ஒரு கண்ணு கல்லாவுல, ஒரு கண்ணு கஸ்டமர் கையில. இதெல்லாம் எங்ககிட்டயா?" என்று சிரித்தார்.

"இது சிலருக்குச் சுருங்கிக்கிட்டே வரும்," என்றார் ஆய்வாளர். "வலிக்காது. நேரா இருக்கற எழுத்தெல்லாம் படிப்பாங்க. ஓரம்தான் போயிருக்கும். வீட்டுல யாராச்சும் அடிக்கடி கதவுல இடிச்சுக்கிட்டா, செஞ்சு பாருங்க."

கீழே அப்பா காரில் காத்திருந்தார். நேரே வரும் பேருந்தின் பலகையைத் தூரத்திலிருந்தே படித்துவிடுவார். லைசென்ஸ் புதுப்பித்தபோதும் சுவரில் இருந்த எழுத்துகளை எல்லாம் சரியாகப் படித்தார்.

நான் முன்னால் இடது இருக்கையில் உட்கார்ந்தேன். அது அம்மாவின் இடம். அப்பா ஓட்டும்போது அம்மா ஒருநாளும் சும்மா வந்ததில்லை. "லெஃப்ட்ல பைக்கு. ஏங்க, மாடு. அந்தப் பொண்ணு க்ராஸ் பண்ணப் போவுது, பாருங்க." ஒவ்வொன்றுக்கும் அப்பா, "பார்த்துட்டேன், பார்த்துட்டேன்" என்பார். சொந்தக்காரர்கள் ஏறினால், "சம்பளமில்லாத கிளீனர் வச்சிருக்கேன்" என்று அம்மாவைக் காட்டுவார். "கிளீனர் இல்லாட்டி உங்க லாரி என்னைக்கோ காவேரியில கெடக்கும்" என்பாள் அம்மா. கார் முழுக்கச் சிரிக்கும். நானும் சிரித்திருக்கிறேன்.

அன்று கார் அமைதியாக இருந்தது. காவிரிப் பாலத்தில் ஏறியபோது வெளிச்சம் மங்கத் தொடங்கியிருந்தது. இடது ஓரத்தில் பால்கேன் கட்டிய சைக்கிளில் ஒருவர் போய்க்கொண்டிருந்தார். கார் அவரை நெருங்கியது. ஸ்டியரிங் அசையவில்லை. அப்பா நேரே பார்த்தபடி வகுப்பில் என்ன சொன்னார்கள் என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

"அப்பா, லெஃப்ட்ல சைக்கிள்!"

கார் வலது பக்கம் வெட்டியது. பின்னால் ஒரு பேருந்து ஹாரன் அடித்தது.

"பார்த்துட்டேன், பார்த்துட்டேன்," என்றார் அப்பா.

அந்தச் சொல் எப்போதும் எச்சரிக்கைக்குப் பிறகுதான் வந்திருக்கிறது. அதற்கு முன்னால் அது வந்த ஒரு தடவையையாவது நினைவில் தேடினேன். வீடு வரை தேடியும் கிடைக்கவில்லை. அதன் பிறகு பாலத்திலும் மாம்பழச் சாலையிலும் தென்பட்ட எல்லாவற்றையும் நான் வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே வந்தேன்.

"உங்கம்மா உன் உடம்புக்குள்ள பூந்துட்டாளா?" என்றார்.

வீட்டுக்கு வந்ததும் அப்பாவைக் கூடத்தில் நாற்காலி போட்டு உட்கார வைத்தேன். வகுப்பில் கொடுத்த வீட்டுப்பாடம் என்றேன். அம்மா டீத் தம்ளரோடு அவருக்குப் பின்னால் வந்து நின்றாள். என் மூக்கைப் பார்க்கச் சொல்லிவிட்டு, அவருடைய இடது பக்கமாகக் கையை நீட்டி விரலை ஆட்டினேன்.

"ஆட்டுறா பாருங்க," என்றாள் அம்மா.

"ஆமா, ஆட்டுற," என்றார் அப்பா.

அவள் ஏமாற்றவில்லை. தான் பேசியதே அவளுக்குத் தெரியவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. எங்கள் பட்டறையில் ஒரு அழுத்தமானி பழுதானால் பக்கத்து மானியைப் பார்த்து வேலையை ஓட்டுவார்கள். முதல் மானி செத்துப்போனது யாருக்கும் நினைவிருக்காது. இரண்டாவதைக் கழற்றும் நாளில்தான் தெரியும்.

"அம்மா, கொஞ்ச நேரம் பேசாத."

மீண்டும் கையை நீட்டினேன். விரலை ஆட்டியபடி நடுவே கொண்டுவந்தேன். பாத்திரக்கடை அக்கா சொன்ன இடம் தாண்டியது. என் தோளின் கோடு தாண்டியது, காதோரம் தாண்டியது. அப்பா என் மூக்கையே, சொன்ன பேச்சுக் கேட்கும் பிள்ளை மாதிரி, பார்த்துக்கொண்டிருந்தார்.

"எப்பம்மா ஆட்டப் போற?" என்று கேட்டார்.

என் விரல் என் கன்னத்துக்குப் பக்கத்தில் ஆடிக்கொண்டிருந்தது.

அம்மா தம்ளரை மேசையில் வைத்தாள். "அப்ப நான் ஊருக்குப் போயிட்டா?" என்று மட்டும் கேட்டாள். அந்தக் கேள்வி யாருக்கானது என்று எங்கள் மூவருக்குமே தெரியவில்லை.

தில்லைநகரில் ஒரு கண் மருத்துவரிடம் காட்டினோம். ஒரு பெட்டிக்குள் முகத்தை வைத்து, புள்ளியாக வெளிச்சம் தெரியும்போதெல்லாம் பொத்தானை அழுத்தச் சொன்னார்கள். வெளியே இருந்த எனக்குப் பொத்தான் சத்தம் கேட்டது. நடுவில் நீண்ட நேரம் கேட்கவில்லை. கண்ணுக்குள் அழுத்தம் கூடி நரம்பை அரித்திருக்கிறது என்றார் டாக்டர். போனது திரும்பாது, இருப்பதைச் சொட்டு மருந்தால் காப்பாற்றலாம், வண்டி ஓட்டக் கூடாது.

"ஒத்த விரல ஆட்டிக் காட்டி என் சாவியப் புடுங்கிட்டா," என்று அப்பா டாக்டரிடமே புகார் சொன்னார். டாக்டர் சிரித்தார். அப்பா சிரிக்கவில்லை. வீட்டுக்கு வந்து சாவியை என்னிடம் தராமல் டிவி மேல் வைத்தார்.

அதில் இன்னொரு சிக்கலும் இருந்தது. எல்-போர்டு ஒட்டிய காரை நான் ஓட்ட வேண்டுமானால் லைசென்ஸ் உள்ள ஒருவர் பக்கத்தில் இருக்க வேண்டும். வீட்டில் லைசென்ஸ் இருந்தது அப்பாவிடம் மட்டும்தான். சட்டத்தின் கண்ணில் அவர் எனக்குப் பாதுகாப்பு. தேர்வு வரை எங்கள் காரை நான் ஓட்டவே இல்லை. பேருந்தில் போனேன். ஒவ்வொரு நாள் காலையும் சாவி டிவி மேலேயே இருக்கிறதா என்று பார்த்துவிட்டுத்தான் கிளம்பினேன். ஒருநாள் அது இடம் மாறியிருந்தது. "தூசி தட்டுனேன்," என்றார் அப்பா. நான் வெளியே போய் கார் எஞ்சின் மூடியைத் தொட்டுப் பார்த்தேன். சில்லென்று இருந்தது.

தேர்வில் தேறினேன். லைசென்ஸ் வந்ததும் எல்-போர்டு இல்லாமல் எங்கள் காரை ஓட்டிய முதல் பயணம், அம்மாவை ரயில் ஏற்றுவதற்கு. அப்பா முன்னால் இடது இருக்கையில் உட்கார்ந்தார். அம்மா பின்னால் பெட்டிகளோடு. மாம்பழச் சாலை முனையில் ஷேர் ஆட்டோ ஒன்று ஒடித்துக்கொண்டு வந்தது.

"லெஃப்ட்ல ஆட்டோ!" என்றாள் அம்மா.

"பார்த்துட்டேன், பார்த்துட்டேன்," என்றார் அப்பா. ஆட்டோ அவருடைய ஜன்னலை உரசுவதுபோல் போனது. அவர் முகம் நேரே இருந்தது. நான் ஏற்கெனவே பிரேக்கை அழுத்தியிருந்தேன்.

ரயில் நகர்ந்தபோது அம்மா ஜன்னல் வழியே என் பக்கம் குனிந்தாள். "சொட்டு மருந்து. மறந்துராத. அப்புறம் சாவி," என்றாள்.

திரும்பும்போது பொழுது சாய்ந்துவிட்டது. அப்பா பேசாமல் வந்தார். எதிர் வண்டிகளின் விளக்குகள் அவர் முகத்தில் விழுந்து விழுந்து நகர்ந்தன. நானும் பேசவில்லை. இனி யாருக்காகச் சொல்ல வேண்டும் என்று தோன்றியது. எனக்குத்தான் கண் இருக்கிறதே.

சற்று நேரம் கழித்து அவர் கதவின் மேலிருந்த பிடியைப் பற்றிக்கொண்டார்.

"சொல்லிக்கிட்டே ஓட்டும்மா," என்றார். "சத்தமே இல்லாம இருந்தா என்னமோ மாதிரி இருக்கு. பாலம் வந்துருச்சா?"

நாங்கள் பாலத்தின் நடுவில் இருந்தோம். இரண்டு பக்கமும் ஆறு இருந்தது.

"பாலத்துல இருக்கோம்பா," என்றேன். "லெஃப்ட்ல ஒரு ஸ்கூட்டர். பின்னால ஒரு குழந்தை உக்காந்திருக்கு."

"பார்த்துட்டேன்," என்று அவர் சொல்லவில்லை.