அண்ணியின் நாவலுக்கு என் மகளின் ஒரு வரி

ஆறு வயதுக் குழந்தை சொன்ன ஒரு வாக்கியத்தை நாவலில் சேர்க்க அனுமதி தர வேண்டியது குழந்தையா, அதன் அம்மாவா? இன்றுவரை எனக்குத் தெரியவில்லை.

அண்ணி, அதாவது என் கணவரின் அக்கா, இங்கிலாந்தில் இருக்கிறார். ஆங்கிலத்தில் நான்கு நாவல்கள் எழுதியிருக்கிறார். போன மாதம் இங்கே அமெரிக்காவில் ஒரு நூலகத்தில் தன் நாவலிலிருந்து வாசிக்க அவரை அழைத்திருந்தார்கள். ஹோட்டல் வேண்டாமென்று பிளெய்ன்ஸ்பரோவில் எங்கள் அபார்ட்மெண்டிலேயே தங்கினார். காலையில் மகளின் சீரியல் கிண்ணத்தை ஓரமாக நகர்த்திவிட்டு, சாப்பாட்டு மேசையில் எழுத உட்காருவார். ஒரு பத்தியை முணுமுணுத்துப் படிப்பார், அடிப்பார், மறுபடி படிப்பார். மதியத்துக்குள் மிஞ்சுவது சில வரிகள்தான். இட்லி ஆறுகிறதே, கூப்பிடலாமா கூடாதா என்று நான் கிட்டே போய்ப் போய்த் திரும்புவேன்.

கணவருக்கு இப்போது டெக்ஸாஸில் ப்ராஜெக்ட். வார இறுதியில்தான் வருவார். ஈரோட்டில் இருக்கும் என் அம்மாவுக்கு இது தெரியாது. குழந்தையோடு தனியாக இருக்கிறேன் என்று தெரிந்தால் தூங்க மாட்டார். மாப்பிள்ளை எங்கே என்று கேட்டால், "இப்பதாம்மா கடைக்குப் போனார்" என்பேன். அன்றும் அப்படிச் சொல்லிவிட்டு ஃபோனை வைத்தேன். படத்துக்கு வண்ணம் தீட்டிக்கொண்டிருந்த மகள், தன் அத்தையிடம் ஆங்கிலத்தில் ஒன்று சொன்னாள். தமிழில் இப்படி வரும்: "பாட்டியோட ஃபோனுக்குள்ள அப்பா எப்பவும் கடையிலதான் இருக்கார்."

அண்ணி சிரிக்கவில்லை. வீட்டில் காதில் விழுந்ததை அனுமதி கேட்காமல் எழுதுவதில்லை என்பது அவர் வழக்கம். "இத என் புக்ல வச்சுக்கட்டுமா கண்ணு?" என்று அவளிடமே கேட்டார்.

தன் பெயர் வருமா என்றாள் மகள். வராது என்றதும், அப்படியானால் இன்னொரு வாக்கியமும் எடுத்துக்கொள்ளுங்கள் என்று பேரம் பேசினாள்.

பிறகு அண்ணி என் பக்கம் திரும்பினார். "நீ சொல்லும்மா. வேணாம்னா விட்டுடறேன், மனசுல ஒண்ணும் வச்சுக்க மாட்டேன்."

"அவ்ளோ நல்லாவா இருக்கு அண்ணி?"

"நான் வந்ததுலேருந்து முட்டிட்டு இருந்த பக்கம். உம் பொண்ணு கலர் அடிச்சுக்கிட்டே முடிச்சுட்டா."

"எதுக்கும் உங்க தம்பிய ஒரு வார்த்தை கேட்டுட்டு..."

"அவனா? உன்னக் கேட்டுதான் எனக்குப் பதில் சொல்வான்."

அன்று மாலை நூலகத்தில் நாற்காலிகள் போதவில்லை. பக்கத்து ஊரான மான்மவுத் ஜங்ஷனிலிருந்து வந்திருந்த ஓர் ஆன்ட்டி, "இவங்க உங்களுக்கு என்ன வேணும்?" என்று கேட்டார். "நாத்தனார்" என்றேன். கேட்காமலேயே, "என் பொண்ணுக்கும் அத்தையோட மூளை" என்றும் சேர்த்துக்கொண்டேன். வீடு திரும்பும்வரை அந்தப் பெருமையிலேயே கார் ஓட்டினேன்.

ஆனால் என் அம்மா ஓய்வு பெற்ற ஆங்கில ஆசிரியை. அண்ணியின் ஒவ்வொரு நாவலையும் முதல் ஆளாகப் படித்துவிட்டு, "எங்க சம்பந்தி வீட்டுப் பொண்ணு எழுதினது" என்று பழைய சக ஆசிரியைகளுக்கெல்லாம் கொடுப்பார். அந்த வரியைக் கண்டதும் புரிந்துகொள்வார். மகளின் வரி அச்சில் வர வேண்டுமென்று எனக்கு ஆசை. அம்மாவின் நிம்மதி போய்விடுமோ என்று பயம்.

என் பதிலுக்குக் காத்திருப்பதாகச் சொல்லிவிட்டு அண்ணி ஊர் திரும்பிவிட்டார். இந்த மாதக் கடைசியில் நாவலைப் பதிப்பாளருக்கு அனுப்புகிறார். அதற்குள் அம்மாவிடம் நானே உண்மையைச் சொல்லிவிட்டுச் சம்மதம் தரட்டுமா, அல்லது அந்த வரியை எடுத்துவிடச் சொல்லட்டுமா? தூரத்தில் இருந்துகொண்டு பிள்ளை வளர்ப்பவர்கள், தூரத்தில் மகளை வைத்திருப்பவர்கள், இரு தரப்பினரும் எழுதுங்கள்.