துபாஷி ஸோண்டியும் 'சியவூமா'வும்

தென்னாப்பிரிக்காவில் நேட்டால் மலைப்பக்கத்து மிஷன் ஆஸ்பத்திரியில் துபாஷி வேலை கிடைத்த நாளிலிருந்து ம்கிபேனி ஸோண்டி சட்டையின் கழுத்துப் பொத்தானைக் கழற்றியதில்லை. அதைத் தவிர அவனிடம் பெருமைப்பட ஒன்றும் இல்லை.

வெள்ளைக்கார டாக்டருக்கோ ஊர்ப் பாஷை வராது. பல வருஷம் அங்கே இருந்தும் ஸூலு மொழியில் வணக்கம் சொல்வதோடு சரி. வருகிறவர்களிடமெல்லாம் "என்ன செய்கிறது?" என்று ஆங்கிலத்தில் கேட்பார். அந்தக் கேள்வியை ஸோண்டி ஒருமுறைகூட மொழிபெயர்த்ததில்லை. அந்த ஊரில் நோயாளி வாய் திறக்கமாட்டான். நோயைக் குறிசொல்லிதான் கண்டு சொல்லவேண்டும். கேட்கிறவன் போலி. குறி தப்பினால் வந்தவர்கள் "சியவூமா", ஒப்புக்கொள்கிறோம், என்று முனகுவார்கள். குறி சரியான இடத்தை நெருங்கினால் அதையே தரையைத் தட்டிக் கத்துவார்கள்.

தன் எஜமானர் போலியாகிவிடக்கூடாதே என்று ஸோண்டி தானே நோயைச் சொல்லிவிடுவான். "முதுகுவலின்னு டாக்டர் சொல்றாரு." மரியாதைக்கு ஒரு "சியவூமா" வரும். முதுகுக்கு மருந்தும் வரும். இரண்டு வைத்தியமும் தெரியாதவன் இரண்டுக்கும் குரலாக இருந்தான்.

ஒரு குளிர்காலக் காலையில், மலைமேல் வீட்டிலிருந்த அவன் மனைவி மாங்குபானேயை மாடு பூட்டிய சறுக்குப்பலகையில் இழுத்து வந்தார்கள். முகம் சாம்பல் பூத்திருந்தது. மேல்மூச்சு வாங்கியது.

"நெஞ்சுச் சளின்னு டாக்டர் சொல்றாரு" என்றான் ஸோண்டி.

"சியவூமா" என்று முனகினாள்.

அந்த முனகலின் அர்த்தம் அவனுக்குத் தெரியும். ஆனால் வரிசையில் இருந்த பெண்கள் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சொன்னதை மாற்றினால் மானம் போகும். மனைவியின் உயிரைவிட அது கனமாக இருந்தது. டாக்டரிடம் "நெஞ்சு" என்றான். அவரும் நெஞ்சில் குழலை வைத்தார்.

"யோவ் ஸோண்டி, அவ முனகுறது காதுல விழலையா? வேற எடம் தேடுய்யா!" என்றாள் வரிசையில் ஒருத்தி.

"டாக்டர் சொன்னா சொன்னதுதான்."

மாங்குபானே பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னாள்: "உங்க டாக்டர் இன்னும் வாயே தொறக்கலீங்களே." டாக்டரின் கையைப் பிடித்து இழுத்து வலது அடிவயிற்றில் வைத்து, கூரை அதிரக் கத்தினாள்: "சியவூமா!"

டாக்டருக்கு மொழி தேவைப்படவில்லை. அந்த இடத்தை அமுக்கிப் பார்த்தார்; குடல்வால். உடனே கத்தியை எடுத்தார். பிழைத்தாள்.

அவள் கண் விழித்தபோது, கழுத்துப் பொத்தானைத் தடவிக்கொண்டு ஸோண்டி கட்டிலருகே நின்றான்.

"நெஞ்சுக்குக் கீழேன்னுதான் சொல்ல வந்தேன். அதுக்குள்ள நீ அவசரப்பட்டுட்டே."

அவள் சுவர்ப்பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

"சியவூமா" என்று முனகினாள்.