ஊர் மாறிய ராகு காலம்

எங்கள் சித்தப்பா லிஃப்ட் மெக்கானிக். ஸ்பேனர் இல்லாமல் வேலைக்குப் போனாலும் போவார், பையில் பஞ்சாங்கம் இல்லாமல் வாசல்படி தாண்டமாட்டார். ராகு காலத்தில் யாராவது லிஃப்டுக்குள் மாட்டிக்கொண்டால் அவர்கள் பாடு திண்டாட்டம்தான். "கொஞ்சம் பொறுங்க, நல்ல நேரம் வந்துடும்" என்று வெளியே நின்றபடி ஆறுதல் சொல்வாரே தவிர, கருவிப் பெட்டியைத் திறக்கமாட்டார். உள்ளே இருப்பவர்கள் அவருடைய வம்சத்தையே வாழ்த்துவார்கள்.

இப்படிப்பட்டவருக்கு ஃபோர்மேன் ஆக ஆசை. ஓய்வு பெறுவதற்கு முன் இதுதான் கடைசி வாய்ப்பு. போட்டிக்கு இருந்தது ஒரே ஒருவர், சித்தியின் தம்பி. மச்சினனுக்குக் கீழே கைகட்டி நிற்பதைவிட லிஃப்ட் குழிக்குள் குதித்துவிடலாம் என்று வீட்டில் எல்லோரிடமும் சொல்லிவைத்திருந்தார்.

நேர்காணல் திங்கட்கிழமை காலை எட்டேகாலுக்கு. பஞ்சாங்கத்தில் ஏழரை முதல் ஒன்பது வரை ராகு காலம். சித்தப்பா கம்பெனிக் கழிவறைக்குள் புகுந்து தாழ்ப்பாள் போட்டுக்கொண்டு, வயிற்றுக் கோளாறு என்று போனில் தகவல் சொன்னார். ஒன்பது அடித்ததும் முகம் கழுவி, வலது காலை எடுத்து வைத்து உள்ளே போனார். அதற்குள் மேனேஜருக்குப் பொறுமை போய்விட்டிருந்தது. வேலை மச்சினனுக்குப் போனது. எனக்கே பொறுக்கவில்லை; மனுஷன் தொழிலில் அவ்வளவு கெட்டிக்காரர்.

அன்று மாலை அவர் மகள் விஷயத்தைப் போட்டு உடைத்தாள். சூரியன் உதிப்பதிலிருந்து மறைவது வரையுள்ள பகலை எட்டாகப் பிரித்தால், அதில் ஒரு பங்குதான் ராகு காலம். திங்களுக்கு இரண்டாவது பங்கு. சித்தப்பாவின் பஞ்சாங்கம் ஆறு மணிக்குச் சூரியன் உதிக்கும் ஊருக்குப் போட்ட கணக்கு. கடல் கடந்து நாங்கள் இருக்கும் ஊரிலோ குளிர்காலத்தில் சூரியன் ஏழரைக்குத்தான் எட்டிப் பார்க்கும். போனில் கணக்குப் போட்டுக் காட்டினாள். எட்டேகால் சுத்தமான நேரம். ஒன்பது மணிக்குத்தான் ராகு சப்பணம் போட்டு உட்கார்ந்திருந்தார்.

"இத்தனை வருஷமா வேற ஊர் சூரியனைப் பாத்துட்டு இருந்திருக்கீங்கப்பா."

இடிந்துபோவார் என்று நினைத்தோம். சித்தப்பாவின் முகமோ மலர்ந்துவிட்டது.

"பாத்தியா? ராகு காலத்துல உள்ள போனேன், வேலை கைநழுவிப் போச்சு. பஞ்சாங்கம் என்னைக்காவது பொய் சொல்லிருக்கா?"

அதுவரை வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த சித்தி நிமிர்ந்தாள்.

"நம்ம கல்யாணமும் இதே ஊர்ல, இதே குளிர்லதானே நடந்துச்சு. அந்த நேரத்தையும் போட்டுப் பாருங்க."

சித்தப்பா மகளின் போனை வாங்கினார். கணக்குப் போடாமலே அதை அணைத்துத் திருப்பிக் கொடுத்தார். சட்டையை மாட்டிக்கொண்டு, மச்சினனுக்கு வாழ்த்துச் சொல்லிவிட்டு வருவதாகக் கிளம்பினார். போகும்போது நேரம் பார்க்கவில்லை.