தன் வழக்குக்குத் தானே எழுதிய பதில்

பூதப்பாண்டி சுயம்புலிங்கம் நாகர்கோவிலில் ஓர் அரசு அலுவலகத்தில் உதவியாளர். சம்பளம் வரவில்லை என்று ஊழியர்கள் உயர் நீதிமன்றத்துக்குப் போனால், அலுவலகத்தின் பதில் மனுவை எழுதுவது அவர் வேலை. பெரிய வித்தை ஒன்றுமில்லை. முடிந்தவரை கால அவகாசம் கேட்க வேண்டும். அதற்கு மேல் இழுக்க முடியாதபோது, 'மனுதாரரின் கோரிக்கை ஏற்கத்தக்கதல்ல' என்று எழுத வேண்டும். இரண்டிலும் மனிதர் கெட்டிக்காரர்.

அப்படிப்பட்டவருக்கே, சில வருஷங்களுக்கு முன் இந்த அலுவலகத்துக்கு மாற்றலாகி வந்தபோது சம்பளம் நின்றுபோனது. பழைய இடத்தில் விடுவித்துவிட்டார்கள். புதிய இடத்தில் சேர்த்துக்கொள்ள மாதக்கணக்காயிற்று. காத்திருந்த மாதங்களுக்குப் பணம் கிடையாது என்றார்கள். பாதியில் நிற்கும் வீட்டுக்குக் காங்கிரீட் போட அந்தப் பணத்தைத்தான் நம்பியிருந்தார். மழைக்கு முன்னால் கூரை வேண்டும் என்று மனைவி கோமளவல்லி நச்சரித்தாள். வேறு வழியில்லாமல் அவரும் மதுரைக்குப் போய் வழக்குப் போட்டார். நோட்டீஸ் சுற்றிவந்து அவர் மேஜையிலேயே விழுந்தது.

"சார், இது எனக்க கேஸு," என்றார் அதிகாரியிடம்.

"இருக்கட்டும். உம்ம விட்டா இங்க யாருக்குவே எழுதத் தெரியும்?"

எழுதினார், ஒரே மதியத்தில். கோரிக்கையை ஏற்பதில் ஆட்சேபணை இல்லை என்று முடித்தார். அப்படி ஒரு வாக்கியத்தை அவர் பேனா அதுவரை எழுதியதில்லை. அதிகாரி வழக்கம்போல் படிக்காமல் கையெழுத்துப் போட்டார்.

மறுநாள் காலை நேசபாய் வந்தார். அரசு விடுதியில் சமையல் வேலை பார்ப்பவர். விடுதி மாறிய சமயத்துச் சம்பளத்துக்காக வழக்குப் போட்டுவிட்டு, வருஷக்கணக்காக இந்த மேஜைக்கு நடக்கிறார். விஷயத்தை பியூன் அவர் காதில் போட்டிருந்தார்.

"சாருக்க கேஸுன்னா ஒரு நாளில எழுதலாம், இல்லியா சாரே?"

சத்தம் போட்டிருந்தால் இவரும் பதிலுக்குக் கத்தியிருப்பார். அவர் சத்தமே போடவில்லை. சுயம்புலிங்கத்துக்கு அவமானமாக இருந்தது. நேசபாயின் கோப்பை எடுத்தார். அதே வாக்கியத்தை எழுதிக் கொண்டுபோய் நீட்டினார். வாசலில் நேசபாய் நிற்பதைப் பார்த்ததாலோ என்னவோ, இந்தமுறை அதிகாரி படித்தார்.

"இதென்னவே புதுப் பழக்கம்? உம்ம கேஸுக்கு என்ன எழுதினீரு?"

பொய் சொல்லியிருக்கலாம். அவருடைய பதில் மனு வைத்த உறை இன்னும் தபால் பிரிவில்தான் கிடந்தது. சாயங்காலம் மதுரைக்குப் போய்விடும்.

"இதையேதான் சார்."

உறை திரும்பி வந்தது. இரண்டு வழக்குக்கும் கால அவகாசம் கேட்டு எழுதச் சொன்னார் அதிகாரி. அதையும் சுயம்புலிங்கமே எழுதினார், பிழையில்லாமல்.

மழை வந்துவிட்டது. நடந்ததைக் கேட்ட கோமளவல்லி அவரோடு பேசுவதை நிறுத்திவிட்டாள். அடுத்த மாதம் நேசபாய் வழக்கம்போல் வந்தார்.

"சாருக்காவது வந்துதா?"

"இல்ல."

இத்தனை வருஷத்தில் முதல்முறையாக எதிர் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார் நேசபாய்.

"அப்பம் மதுரைக்கு வக்கீலப் பாக்கப் போவும்பம் சொல்லுங்க சாரே. நானும் அதே வண்டியில வாறேன்."