நித்திரைக்கு வந்த டாக்டர்

ஆதிக் கிறிஸ்தவர்களின் வரலாற்றைப் பொதுமேடையில் பேசுகிறவனுக்கு இரண்டு பக்கமும் இடி: கல்லூரியில் உபதேசியார் என்பார்கள், சபையில் அவிசுவாசி என்பார்கள். மைக் பிடித்து வரலாறு பேசி அவதிப்படும் என் இனத்தாரே, உங்களுக்குச் சொன்னால் புரியும்.

படுக்க இடம்

மாட்டுங்காவில் ஒரு ஞாயிற்றுக்கிழமைக் கூட்டம். கிறிஸ்தவ வீடுகளில் யாராவது இறந்தால் 'நித்திரையடைந்தார்' என்று அறிவிப்பது மிகப் பழைய வழக்கம் என்றேன். ஆதிக் கிறிஸ்தவர்கள் இடுகாட்டுக்கு வைத்த கிரேக்கப் பெயருக்கே தூங்குமிடம் என்றுதான் அர்த்தம். தூங்குகிறவர்கள் ஒருநாள் எழுவார்கள் என்று நம்பினார்கள். நான் உருகி உருகிச் சொல்லி முடித்ததும், முலுண்டிலிருந்து வந்திருந்த ஓய்வுபெற்ற வங்கிக்காரர் ஒருவர் எழுந்தார்.

"பேஷ் சார்! நான் படுக்க ஒரு ஃபிளாட்டுக்கு ஆயுசு பூரா லோன் கட்டினேன். உங்க ஆட்களுக்குச் செத்தப்புறமாவது இடம் கிடைச்சுதே!"

தூக்க டாக்டர்

அதே பேச்சுக்குச் செம்பூரில் அழைத்தார்கள். தலைப்பு 'ஆதிக் கிறிஸ்தவர்களின் நித்திரை'. அங்குள்ள வாலிபர் சங்கத்துக்குத் தமிழ் படிப்பது கொஞ்சம் தகராறு. என் பெயருக்கு முன்னால் 'டாக்டர்' இருந்ததைப் பார்த்தார்கள், நித்திரையையும் பார்த்தார்கள். தூக்கத்துக்கு வைத்தியம் சொல்லும் டாக்டர் வருகிறார் என்று இந்தியில் வாட்ஸப் அனுப்பிவிட்டார்கள். கூட்டம் அலைமோதியது. நான் பேச்சில் ரோமாபுரிக்குள் நுழைந்ததும் பாதிப்பேர் கிளம்பினார்கள்.

கடைசிவரை இருந்தவர்களில் ஒருத்தி தாராவியிலிருந்து வந்த ஜெயராணி. நான் வைத்தியம் பார்க்கிற டாக்டர் இல்லை, வரலாற்று டாக்டர் என்று விளக்கினேன். அவள் நகரவில்லை.

"ஒறக்கம் வரமாட்டேங்கு சார். ஆனா நீங்க செத்தவங்க தூங்குதாவன்னு சொன்னியள்லா, அதப்பத்தி ஒண்ணு கேக்கணும். வீட்டுக்கு வருவியளா?"

தாராவியில் கேள்வி

ஒரே அறை. சுவரில் அவள் கணவர் படம். கொரோனா நேரத்துக் குழப்பத்தில் அவரை ஆஸ்பத்திரியிலிருந்து நேராகக் கொண்டுபோய் மின்மயானத்தில் எரித்துவிட்டார்கள். முகத்தைக்கூட அவள் பார்க்கவில்லை. பூ வைக்க ஒரு கல்லறை இல்லை. சாம்பலாகிப் போனவர் எப்படி எழும்புவார் என்பதுதான் அவளைத் தூங்கவிடாத கேள்வி.

எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். அந்தக் காலத்திலும் கிறிஸ்தவர்களைக் கொன்று எரித்து, உயிர்த்தெழக் கூடாதென்று சாம்பலை ஆற்றில் கரைத்திருக்கிறார்கள். அடக்கம் பண்ண ஒன்றுமில்லையே என்று மிச்சமிருந்தவர்கள் துக்கத்தோடு எழுதி வைத்திருக்கிறார்கள். ஆனாலும் எரித்ததால் கடவுளுக்கு எதுவும் தொலைந்துபோகாது என்று நம்பினார்கள். அவள் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"அவிய நம்புனாவ, சரி. நீங்க நம்புதியளா?"

முன்வரிசை

அவர்கள் நம்பியதைச் சொல்வதோடு என் வேலை முடிந்தது என்று முணுமுணுத்துவிட்டு வந்தேன். இவ்வளவு படித்தும் ஒரு பெண்ணுக்கு ஆமாம் என்றோ இல்லை என்றோ சொல்ல முடியவில்லையே என்று ரயிலில் மனசு கனத்தது.

அடுத்த கூட்டம் தாராவியிலேயே. ஜெயராணி நாத்தனாரோடு முன்வரிசையில் உட்கார்ந்திருந்தாள். ஆற்றில் கரைத்த சாம்பலைப் பற்றிப் பேச ஆரம்பித்தேன். அவள் தலை மெல்லச் சரிந்து நாத்தனார் தோளில் சாய்ந்தது. லேசாகக் குறட்டை. கூட்டம் முடிந்து நாற்காலிகளை மடக்க ஆரம்பித்தபோது, எழுப்பலாமா என்று கிட்டே போனேன். இறந்தவரின் தங்கையான அந்த நாத்தனார் கையைக் காட்டித் தடுத்தாள்.

"மைனிய எழுப்பாதிய சார். நம்மள மாதிரியே அந்தக் காலத்துலயும் அடக்கம் பண்ண ஒண்ணுமில்லாம அழுதிருக்காவன்னு கேட்டதுலேர்ந்துதான் கண்ணே மூடுதா."

என் பேச்சில் ஒருவர் தூங்கியதற்காக நான் அழுதது அந்த ஒருமுறைதான். 'நீங்க நம்புதியளா' என்று ஜெயராணி கேட்டதற்கு மட்டும் இன்னும் முழித்துக்கொண்டிருக்கிறேன்.