பதினொரு நிமிடமும் ஒரு நீலப் பையும்

குடுவையிலிருந்து கோப்பியை மூடிக்குள் ஊற்றும்போதும் தோர்கெல் மூடியைப் பார்ப்பதில்லை. கண் பந்தில் இருக்கும். கோப்பி வழிந்து விரலைச் சுட்டால் கையை உதறுவார். அப்போதும் பந்தைத்தான் பார்ப்பார். மூக்குச் சிந்துவது, சப்பாத்துக் கயிறு கட்டுவது, நடுவருடன் சண்டை பிடிப்பது எல்லாம் அப்படியே. நடுவரின் முகத்தைப் பார்க்காமலே அவருடன் சண்டை பிடிக்கிற பயிற்சியாளரை ஸ்டுட்கார்ட் சுற்றுவட்டாரத்தில் வேறெங்கும் நான் கண்டதில்லை.

ஐம்பத்திரண்டு வயது. ஐஸ்லாந்தின் வடக்கே ஒரு துறைமுக ஊர்க்காரர். இருபது வயதில் கோல் அடிக்கவென்று ஜெர்மனிக்கு அழைத்து வரப்பட்டவர். இரண்டாம் பிரிவில் நான்கு பருவங்கள், முப்பத்தொரு கோல்கள். பிறகு முழங்கால் போயிற்று. இப்போது பகலில் ஒரு பள்ளிக்கூடத்தில் குழாய், கதவு, வெப்பமூட்டி பார்க்கிற வேலை. செவ்வாயும் வியாழனும் மாலையில் பயிற்சி, ஞாயிறு பின்னேரம் ஆட்டம். நெக்கர் ஆற்றங்கரையில் எங்கள் பொடியன்கள் விளையாடும் சின்னக் கழகத்துக்கு அவர்தான் பயிற்சியாளர். அடியிலிருந்து இரண்டாவது பிரிவு. முப்பது பேர் பார்க்க வந்தால் அது பெரிய ஆட்டம்.

தன் நாட்டு அணிக்கு அவர் ஆடியது ஒரே ஒரு தடவை, கடைசிப் பதினொரு நிமிடம். அவர் ஜெர்மனில் சொல்வது எனக்கு எங்கள் பேச்சில்தான் எழுத வருகிறது: "பதினொரு நிமிசம் ஓடினன். பந்து ஒருக்காலும் என்னட்டை வரேல்லை. எண்டாலும் வெளியில எனக்குப் பக்கத்தில குந்தியிருந்தவனுக்கு அதுவும் கிடைக்கேல்லையே."

முந்தைய பயிற்சியாளர் பொடியன்களைக் குடும்பப் பெயரால் கூப்பிடுவார். எங்களுக்கு அது அப்பாவின் பெயர். "செல்வரட்ணம், ஓடு" என்று அவர் கத்தினால், கோட்டோரம் நின்று அப்பம் சாப்பிடும் என் அப்பா திடுக்கிட்டு "ஓம்" என்பார். தோர்கெல் வந்த முதல் நாள் பட்டியலை வாசித்துவிட்டு என் தம்பியிடம் கேட்டார்: "இது உன்ர அப்பாவின்ர பேர். உன்ர பேர் என்ன?" ஐஸ்லாந்திலும் தகப்பன் பெயர் பின்னால் வருமாம், ஆளைக் கூப்பிடுவது சொந்தப் பெயரால்தானாம். இருபது வருடமாக ஒவ்வொரு அலுவலக மேசையிலும் நாங்கள் விளக்கிக் களைத்ததை, விளக்காமலே விளங்கிக்கொண்ட முதல் மனிதர். 'சேயோன்' என்று சரியாகச் சொல்ல மட்டும் அவருக்கு இரண்டு கிழமை பிடித்தது.

பதிலுக்குச் சேயோன் அவருக்குத் தமிழ் பழக்கினான், மரியாதைச் சொற்களை மட்டும். ஆகவே தோர்கெல் எல்லாரையும் "வாங்கோ, கெதியா வாங்கோ" என்பார்: பதினேழு வயதுப் பொடியனை, கழகத் தலைவரின் நாயை, எதிரணியின் காலிலிருந்து நழுவி வரும் பந்தை. "பந்துக்கு மரியாதை. எங்களுக்கு ஜெர்மனில ஏச்சு," என்பான் கிருபன். தம்பியின் சிநேகிதன், நடுக்களத்தில் ஆடுபவன்.

ஆட்டத்துக்கு முன் எல்லோரும் கார்ச் சாவி, தொலைபேசி, மோதிரம், கைமணிக்கூடு ஆகியவற்றை ஒரு துணிப்பையில் போட்டுக் கொடுப்பார்கள். உடை மாற்றும் அறையில் களவு போகும் என்பதால் எந்தக் கழகத்திலும் இது வழக்கம். எங்கள் கழகத்தின் பை நீல நிறம். அது தோர்கெலின் இடது மணிக்கட்டில் தொங்கும்.

சென்ற ஒக்டோபரில் ஒரு ஞாயிறு, எழுபத்தொன்பதாவது நிமிடத்தில் அவர் சேயோனை வெளியே எடுத்தார். தம்பி மோசமாக ஆடவில்லை. களைக்கவும் இல்லை. கோபத்தோடு வந்தவன் குளிக்காமல், உடை மாற்றாமல், சாவியைக் கேட்டிருக்கிறான். தோர்கெல் பந்திலிருந்து கண்ணை எடுக்காமல் பையை நீட்டியிருக்கிறார். ஆட்டம் முடிந்து இரண்டு அணியும் கைகொடுத்துக்கொண்டிருந்தபோது, பாலத்துக்கு ஏறும் வளைவில் அவனுடைய கார் ஒரு பாரவண்டியின் கீழ் கிடந்தது.

தம்பியின் முப்பத்தோராம் நாள் காரியத்தன்று தோர்கெல் எங்கள் வீட்டுக்கு வந்தார். தம்பி எடுக்க மறந்து பைக்குள்ளே விட்டுப்போன மணிக்கூட்டைக் கொண்டுவந்திருந்தார். சப்பாத்தைக் கழற்றிக் கையில் பிடித்தபடி வாசலுக்கு வெளியே நின்று, அப்பாவைப் பார்த்து, தனக்குத் தெரிந்த தமிழில் "வாங்கோ" என்றார். அப்பா கதவை அகலத் திறந்தார். பிறகு "ஓம், வாங்கோ" என்றார். இரண்டு பேரும் அப்படியே நின்றார்கள். நான்தான் சப்பாத்தை வாங்கி வைத்தேன்.

அதற்குப் பிறகு தோர்கெல் ஒருவரையும் மாற்றுவதில்லை. தொடங்கும் பதினொரு பேர்தான் முடிக்கிற பதினொரு பேர். காலைப் பிடித்துக்கொண்டு நொண்டினாலும், மூச்சு வாங்க இடுப்பில் கை வைத்தாலும் அவர் அசையமாட்டார். மாற்று ஆட்டக்காரர்கள் குளிரில் வாங்குப் பலகையில் குந்தியிருந்து பகிடி விட்டார்கள். "அண்ணை, நாங்கள் வாங்கு சூடாக்கவோ வாறம்?" என்று ஒருவன். டூபிங்கனிலிருந்து ஒரு மணி நேரம் ரயிலில் வரும் கௌஷிக், கோயம்புத்தூர்ப் பிள்ளை, தன் பங்குக்கு: "கோச், நான் ப்ளேயரா, இல்ல எக்ஸ்ட்ரா ஜாக்கெட்டா? அதையாவது சொல்லிடுங்க." கடைசிக் கால் மணி நேரத்தில் கோல் வாங்கி வாங்கியே அணி பட்டியலின் கீழே போயிற்று. கீழ்ப் பிரிவுக்கு இறங்கினால் பயிற்சியாளரும் போகவேண்டும் என்று கழகம் எழுதிக் கொடுத்துவிட்டது.

நான் ஞாயிறு தவறாமல் போனேன். எதற்கு என்று கேட்டால் தெரியாது. மே மாதத்தில் ஒரு செவ்வாய், அவர் புல்லில் அடையாளக் கூம்புகளை வைத்துக்கொண்டிருந்தபோது கேட்டேன்.

"ஏன் அவனை வெளியில எடுத்தனீங்கள்?"

குனிந்தபடியே சொன்னார். "கௌஷிக் மூண்டு கிழமையா வந்து சும்மா இருந்திட்டுப் போனவன். ஒரு பதினொரு நிமிசம் குடுப்பம் எண்டு நினைச்சன்."

"அவ்வளவுதானோ?"

"அவ்வளவுதான். வேற காரணம் இருக்குதோ எண்டு நானும் தேடிப் பாத்தன். இல்லை." இன்னும் மூன்று கூம்பு வைத்தார். "கார்த் திறப்பு கேக்கேக்க அவன்ர முகம் எப்பிடி இருந்தது எண்டு எனக்குத் தெரியாது. நான் பாக்கேல்லை."

பெரிய காரணம் ஒன்று இருந்திருந்தால் கோபித்திருப்பேன். இது ஒருவனுக்குச் செய்த நல்லது. இதை எங்கே வைப்பது என்று எனக்கு இன்னும் விளங்கவில்லை.

ஜூன் மாதம் கடைசி ஆட்டம். வென்றால் தப்பலாம். ஒன்றுக்கு ஒன்று. கிருபனின் முழங்கால் முதல் பாதியிலேயே வீங்கிவிட்டது. இன்னொரு தடவை முறுகினால் அறுவைச் சிகிச்சை செய்துதான் ஆகவேண்டும் என்று வைத்தியர் சொன்னது அணி முழுவதற்கும் தெரியும். எழுபது நிமிடத்துக்குப் பிறகு அவன் ஒற்றைக் காலில்தான் ஓடினான். "கோச், ப்ளீஸ். அவன் கால் போயிடும்," என்று கௌஷிக் எழுந்து நின்றான். கிருபன் களத்திலிருந்தே வேண்டாம் என்று கையை ஆட்டினான். தோர்கெல் நீலப் பையை இரண்டு கைகளாலும் பிடித்திருந்தார். கோப்பி மூடி காலடியில் கவிழ்ந்து கிடந்தது.

பிறகு அவருடைய வலது கை உயர்ந்தது. எட்டு மாதத்தில் முதல் தடவை. கௌஷிக் உள்ளே ஓடினான்.

கிருபன் நொண்டிக்கொண்டு வந்து ஒருவரையும் பாராமல் கையை நீட்டினான். "நான் போறன். திறப்பைத் தாங்கோ."

"இருங்கோ," என்றார் தோர்கெல். அந்தச் சொல் அவருக்குத் தெரியும் என்று நான் நினைத்திருக்கவில்லை.

அவன் தொப்பென்று வாங்கில் இருந்தான். தோர்கெல் பையை அவன் மடியில் வைத்துவிட்டு, களத்துக்கு முதுகைக் காட்டி ஈரப் புல்லில் முழங்காலிட்டார். அவனுடைய பாதத்தைத் தூக்கித் தன் தொடையில் வைத்தார். சரியாக அப்போது மைதானம் முழுவதும் "கோல்" என்று கத்தியது. எந்தப் பக்கத்துக் கோல் என்று எனக்கும் தெரியவில்லை. தோர்கெல் திரும்பவில்லை. கிருபனின் முகத்தைப் பார்த்தபடி, கை தடவித் தடவி, சப்பாத்துக் கயிற்றின் முடிச்சைத் தேடிக்கொண்டிருந்தார்.