உங்க சைஸ் என்ன?

யூனிஃபார்ம் ஸ்டோரில் உட்கார்ந்தால் ஒன்று சீக்கிரம் புரிந்துவிடும்: வயதைக் கேட்டால்கூட உண்மையைச் சொல்லிவிடுவார்கள், இடுப்பளவைக் கேட்டால் பொய்தான் வரும். செல்போன் எல்லார் கைக்கும் வந்துகொண்டிருந்த காலத்தில், ஓசூரில் ஒரு கம்பெனியில் எனக்கு அந்த வேலை. துணிக்கடைக் கண்ணாடி முன்னால் மூச்சை இழுத்துப் பிடித்திருக்கும் உங்களுக்கு இதெல்லாம் புதிதாக இருக்காது.

முப்பத்தாறு

ஷிஃப்ட் சூப்பர்வைசர் ஒருவர் இடுப்பு முப்பத்தாறு என்றார். பார்த்தாலே தெரிந்தது, நாற்பதுக்குக் குறையாது. அவருடைய ஆட்கள் பின்னால் வரிசையில் நின்றதால் முப்பத்தாறு சைஸ் பேன்ட்டையே எடுத்துக் கொடுத்தேன். மறுநாள் ஆடிட். வந்தவர்கள் போகும்வரை மனிதர் உட்காரவில்லை. கீழே விழுந்த பேனாவைக்கூடக் குனிந்து எடுக்கவில்லை. சாயங்காலம் ஸ்டோரில் யாரும் இல்லாத நேரம் பார்த்து வந்தார்.

“நாப்பது குடுங்க மேடம். ரிஜிஸ்டர்ல மட்டும் முப்பத்தாறே இருக்கட்டும்.”

லார்ஜ்

மஞ்சுளா தேன்கனிக்கோட்டைப் பக்கத்திலிருந்து வந்த ட்ரெய்னி. யூனிஃபார்ம் கோட்டில் ஸ்மால் சைஸே அவளுக்குத் தொளதொள. லார்ஜ்தான் வேண்டும் என்று நின்றாள். மெஷின் பக்கம் வேலை, வேண்டாம் என்றேன். கண் கலங்கியதும் கொடுத்துவிட்டேன். அது என் தப்பு.

மூன்றாம் நாள் தொங்கிக்கொண்டிருந்த கோட்டுக் கை ரோலரில் சிக்கியது. பக்கத்தில் இருந்த பெண் சிவப்புப் பட்டனை அடித்து மெஷினை நிறுத்தியிருக்காவிட்டால் கை போயிருக்கும். துணி முழங்கை வரை கிழிந்து, மணிக்கட்டில் சிராய்ப்போடு தப்பினாள்.

விசாரணையில் மேனேஜர், “இந்த சைஸ் குடுத்தது யாரு?” என்றார். நான்தான் என்று எழுந்தேன். கட்டுப் போட்ட கையோடு அவளும் எழுந்தாள்.

“அக்கா மேல தப்பில்ல சார். சேர்ந்த நாள்ல இருந்து எல்லாரும் என்னைக் குச்சின்னுதான் கூப்பிடறாங்க. கோட்டு பெருசா இருந்தா உடம்பு தெரியாதுன்னு நான்தான் கேட்டு வாங்குனேன்.”

என் முறை

அதன்பிறகு உத்தரவு வந்தது: எல்லாருக்கும் டெய்லரே அளவெடுப்பார், ஸ்டோர்காரர்களுக்கும். நானோ அதுவரை பட்டன் எட்டாத கோட்டை மாட்டிக்கொண்டு, ஃபைலை வயிற்றுக்கு முன்னால் பிடித்தபடியே காலம் தள்ளியவள்.

ஷிஃப்ட் விடும் நேரம். எனக்குப் பின்னால் இருபது பேர். டெய்லர் கன்னடக்காரர், எண்ணைச் சத்தமாகச் சொல்லிக்கொண்டுதான் எழுதுவார். டேப்பை என் இடுப்பைச் சுற்றி இழுத்துப் பார்த்து, “நாப்பத்தாறு” என்றார். சிரிப்புச் சத்தம் வரும் என்று தலை குனிந்து நின்றேன். பின்னால் நின்ற, உத்தனப்பள்ளியிலிருந்து பஸ்ஸில் வந்துபோகும் பெண் ஒருத்தி என் தோளைத் தட்டினாள்.

“கொஞ்சம் நகருங்கக்கா, அஞ்சரை பஸ் போயிடும்.”

அத்தனை வருஷம் நான் ஒளித்து வைத்த நம்பருக்காக, ஒரு பஸ்ஸை விடக்கூட அங்கே யாரும் தயாராக இல்லை.